கொடுமுடி சுந்தராம்பாள்: ஒலிவாங்கி இல்லாத காலத்துக் குரல்

சென்ற தவணையில் ஒரு பிற்பகல். தமிழ்மொழித் தினப் போட்டிக்கான தனி இசைப் பயிற்சி நமது பிரதான மண்டபத்தில் நடந்துகொண்டிருந்தது. இரத்தினபுரி மழையைப் பற்றி உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. இரண்டு மணிக்குப் பிடித்த மழை மூன்று மணிக்கு மின்சாரத்தையும் கொண்டுபோய்விட்டது. ஒலிவாங்கி செத்துவிட, பாடிக்கொண்டிருந்த உயர்தர வகுப்பு மாணவி பாதியில் நிறுத்திவிட்டாள். பாடு பிள்ளை என்றேன். மைக் இல்லாமல் எப்படி டீச்சர் என்று கேட்டாள். கூரையில் விழும் மழையைக் காட்டி, இதற்கு மேலால் என் குரல் போகாது என்றாள்.

ஒலிவாங்கி என்ற பொருளே இல்லாமல், ஆயிரக்கணக்கான பேர் கூடியிருந்த கொட்டகையின் கடைசி வரிசைவரை கேட்கும்படி விடிய விடியப் பாடிய ஒரு பெண்ணைப் பற்றி அவளுக்குச் சொன்னேன். மழை விடும்வரை சொல்லிக்கொண்டிருந்தேன். பிறகு அவள் பாடினாள். நன்றாகவே பாடினாள். அன்று சொன்னதை எழுதித் தரும்படி மலர்க்குழு மாணவிகள் கேட்டதால் எழுதுகிறேன்.

கே. பி. சுந்தராம்பாள் என்ற பெயரை நான் முதலில் கேட்டது ஒரு வசவாக. கேகாலை மாவட்டத்தில் ஓர் இறப்பர்த் தோட்டத்து லயத்தில் பிறந்தவள் நான். அம்மாயி பால்வெட்டுக்குப் போவார். மலையின் மேல் ஓடையிலிருந்து அவர் கூப்பிட்டால் கீழே லயத்து வாசலில் எங்களுக்குக் கேட்கும். நான் திருப்பிக் கூப்பிட்டால் அது மேலே கேட்கும். பொம்பிளைப் பிள்ளைக்கு இவ்வளவு பெரிய தொண்டையா, பெரிய கே.பி.எஸ். என்ற நினைப்போ என்று அயல் வீடுகளில் கேட்பார்கள். அம்மாயி அதை வசவாக எடுத்துக்கொண்டதே இல்லை. ஆமாம், கே.பி.எஸ்.தான் என்பார். கோயில் திருவிழாவில் குழாய் ஸ்பீக்கர் கட்டியவுடன் முதலில் அந்தக் குரலைத்தான் போடுவார்கள். மலை முழுவதும் அது இறங்கி வரும். அந்தக் குரலுக்கு உரியவர் யார் என்று நான் தேடிப் படித்தது வெகு காலத்துக்குப் பிறகுதான்.

சுந்தராம்பாள் 1908ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் காவேரிக் கரையில் உள்ள கொடுமுடியில் பிறந்தார். இன்று அது தமிழ்நாட்டின் ஈரோடு மாவட்டத்தில் இருக்கிறது. பெயருக்கு முன்னால் இருக்கும் கே என்பது அந்த ஊர். பி என்பது பாலாம்பாள், அவருடைய தாயார். தந்தையின் பெயரை முன்னெழுத்தாக வைக்கும் வழக்கம் உள்ள நாட்டில் தாயின் பெயரைத் தாங்கியே அவர் கடைசிவரை அறியப்பட்டார். தந்தை இளமையிலேயே போய்விட்டார். பிள்ளைகளோடு தாய் பட்ட பாடு பசியின் கதைதான். அந்தப் பசிக்குச் சிறுமியிடம் இருந்த ஒரே மருந்து குரல். ரயில் வண்டியில் ஏறிப் பாடிக் காசு வாங்கினாள் என்பது அவரைப் பற்றிச் சொல்லப்படும் முதல் செய்தி. ஓடும் வண்டியின் இரைச்சலுக்கு மேலால் பாடிப் பழகிய குழந்தைக்கு வேறு குரல் பயிற்சி என்ன வேண்டும் என்று நான் நினைப்பதுண்டு.

ரயிலில் பாடிய பிள்ளையை நாடகத்துக்குக் கொண்டுபோனவர் யார் என்பதில் கதைகள் ஒன்றுக்கொன்று மாறுபடுகின்றன. திருச்சியில் ரயில்வே அதிகாரியாகவும் நாடகப் பிரியராகவும் இருந்த எஃப். ஜி. நடேச ஐயரைச் சொல்வோர் உண்டு. ஒரு பொலிஸ் அதிகாரியைச் சொல்வோரும் உண்டு. யார் கொண்டுபோனாலும் அவர் போய்ச் சேர்ந்த இடம் வேலு நாயரின் நாடகக் கம்பெனி. முதலில் கிடைத்தது நல்லதங்காள் கதையில் பிள்ளை வேடம். நல்லதங்காள் கதையை நம் தோட்டங்களில் தெரியாத வயதானவர்கள் இல்லை. பஞ்சத்தில் பிள்ளைகளோடு அண்ணன் வீடு தேடிப் போய், அண்ணியால் விரட்டப்பட்டு, ஏழு பிள்ளைகளையும் கிணற்றில் போட்டுத் தானும் விழுகிற தாயின் கதை அது. அதில் பசியால் அழும் பிள்ளையாக இந்தச் சிறுமி வந்து பாடினாள். கொட்டகை அழுதது. அந்தப் பிள்ளைக்கு அதில் நடிக்க வேண்டியது அதிகம் இருந்திருக்காது.

அந்தக் காலத்து நாடகம் எப்படி நடந்தது என்பதைக் கொஞ்சம் சொன்னால்தான் மற்றது புரியும். இரவு ஒன்பது, பத்து மணிக்குத் தொடங்கினால் விடியும்போது முடியும். வசனத்தைவிடப் பாட்டே அதிகம். கதாநாயகனை ராஜபார்ட் என்றும் கதாநாயகியை ஸ்திரீபார்ட் என்றும் சொல்வார்கள். ஸ்திரீபார்ட்டைப் பெரும்பாலும் ஆண்களே கட்டினார்கள். பெண்கள் மேடையேறுவது அரிதாக இருந்தது, ஏறினாலும் மரியாதை கிடைக்கவில்லை. பக்கவாத்தியத்தில் முக்கியமானது ஆர்மோனியம். பாடுபவரின் சுருதியை ஆர்மோனியக் கட்டையை வைத்துத்தான் அளப்பார்கள்: ஒரு கட்டை, இரண்டு கட்டை, ஐந்து கட்டை என்று. எண் ஏற ஏறக் குரல் உயரம். ஆண்கள் ஒன்று, இரண்டு கட்டையில் பாடுவதே வழக்கம். சுந்தராம்பாள் பாடியது உச்சத்தில். உயரமாக மட்டும் போய்க் கீச்சென்று மெலியும் குரல்கள் உண்டு. இது அப்படி இல்லை. மேலே போகப் போகக் கனம் கூடும் குரல். எழுத்தெல்லாம் தெளிவாக விழும். பழைய இசைத்தட்டில் கேட்டாலும் ல, ள, ழ மூன்றும் தனித்தனியாகக் காதில் நிற்கும். உச்சரிப்புக்குப் புள்ளி குறைந்து வருத்தப்படும் மாணவிகள் ஒருமுறை கேட்டுப் பார்க்கலாம்.

ஐரோப்பாவிலும் இப்படி உயர்ந்த குரலில் பாடும் பெண்கள் இருந்தார்கள். சொப்ரானோ என்று அந்தக் குரல் வகைக்குப் பெயர். அவுஸ்திரேலியாவில் பிறந்து உலகப் புகழ் பெற்ற நெல்லி மெல்பா (1861–1931) அவர்களில் ஒருவர். பெரிய வாத்தியக் குழு ஒன்று முழங்கும்போதும் அதற்கு மேலால் ஒலிவாங்கி இல்லாமல் தன் குரலைக் கேட்கச் செய்ய வேண்டும். அதுதான் அவர்கள் கலை. 1920இல் இங்கிலாந்தில் மார்க்கோனி நிலையத்திலிருந்து மெல்பா வானொலியில் பாடியபோது, தூரத்து நாடுகளிலும் கேட்டது. அதே காலத்தில் நமது பக்கத்தில் ஒரு சிறுமி கீற்றுக் கொட்டகைகளில் அதே வேலையைச் செய்து கொண்டிருந்தாள். மெல்பாவுக்கு இசைக் கல்வி கற்க பாரிஸ்வரை போக முடிந்தது. இவளுக்கு ரயிலும் மேடையும்தான் பள்ளிக்கூடம்.

இனி நம் நாட்டுக்கு வருகிறேன். அந்நாளில் தமிழ்நாட்டு நாடகக் கம்பெனிகளுக்கு இலங்கை ஒரு பெரிய சந்தை. கொழும்பில் வியாபாரிகளும் துறைமுகத் தொழிலாளரும் இருந்தார்கள். தமிழ் நாடகம் பார்க்கக் காசு கொடுக்கும் கூட்டம் இருந்தது. தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்குக் கப்பல் ஓடியது. 1914 முதல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே நீராவிக் கப்பலும் இரு பக்கமும் புகையிரதமும் இணைந்து ஓடின. எங்கள் பாட்டன்மார் கூலிக்கு வந்த கடல் அதுதான். ஒரே கடலைத் தாண்டி ஒரு பக்கம் பால்வெட்டவும் கொழுந்தெடுக்கவும் ஆட்கள் வந்தார்கள். இன்னொரு பக்கம் பாடவும் ஆடவும் கலைஞர்கள் வந்தார்கள். இரு சாராரையும் அனுப்பிவைத்தது பெரும்பாலும் ஒரே வறுமை. சுந்தராம்பாள் சிறு வயதிலேயே நாடகக் குழுவோடு இலங்கை வந்து பாடி நடித்தார். இங்கேதான் அவருக்குப் பெரிய பெயர் கிடைத்தது.

இரத்தினபுரிக்கு 1912இல் களனிவெளிப் பாதையில் புகையிரதம் வந்துவிட்டது. 1919இல் அது ஓப்பநாயக்கவரை போனது. கையில் காசிருந்த கங்காணியோ கடைக்காரரோ அந்தச் சின்னப் பாதை வண்டியில் ஏறிக் கொழும்புக்குப் போய் நாடகம் பார்த்துவிட்டு வருவதற்கு வழி இருந்தது. பால்வெட்டும் பெண்ணுக்கு அந்த வழி இல்லை. அவளிடம் அந்தக் குரல் வந்து சேர இசைத்தட்டும் குழாய் ஸ்பீக்கரும் வரவேண்டியிருந்தது.

1926ஆம் ஆண்டளவில் கொழும்பில்தான் சுந்தராம்பாளின் வாழ்க்கையைத் திருப்பிய அந்தச் சந்திப்பு நடந்தது. செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பா அப்போது இருபது வயது இளைஞர். தமிழ் மேடையில் அவருக்கு நிகரான ராஜபார்ட் பாடகர் இல்லை என்ற பெயர். அவரும் வறுமையால் பள்ளிக்கூடம் போகாமல் சிறுவயதிலேயே மேடையேறியவர். ஆண் குரலில் யாரும் எட்டாத உச்சத்தில் பாடியவர். இந்த இருவரையும் ஒரே மேடையில் நிறுத்தினால் என்ன ஆகும் என்று நாடகக்காரர்களுக்கு ஆசை. கூடவே பயமும் இருந்தது. கிட்டப்பாவின் முன்னால் இந்தப் பெண் நிற்பாளா என்று சிலரும், இந்தப் பெண்ணின் முன்னால் கிட்டப்பா நிற்பாரா என்று வேறு சிலரும் பேசிக்கொண்டார்களாம்.

வள்ளி திருமணம் நாடகம் போட்டார்கள். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய அந்த நாடகம் இப்படியான இருவருக்காகவே அமைந்ததுபோல் இருக்கும். தினைப்புனம் காக்கும் வள்ளியிடம் வேடனாக வந்து ஒருவர் வழக்காடுவார். ஒருவர் கேள்வி பாட்டில் வர, மற்றவர் பதில் பாட்டில் வரும். தயாராகப் படித்து வந்ததைப் பாடிவிட்டுப் போக முடியாது; எதிராளி போட்ட சுரத்துக்கு அங்கேயே பதில் சொல்ல வேண்டும். ஒருவர் எட்டிய உயரத்தை மற்றவர் எட்டாவிட்டால் அதைச் சபை பார்த்துக்கொண்டிருக்கும். அந்த இரவுகளில் இருவரும் எட்டினார்கள். மேடையில் தோற்காத இருவர் ஒருவரை ஒருவர் விரும்பத் தொடங்கினார்கள்.

1927இல் மாயவரத்தில் அவர்கள் மணம் செய்துகொண்டார்கள். கிட்டப்பாவுக்கு ஏற்கனவே மனைவி இருந்தார் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். இருவரும் வெவ்வேறு சாதியினர். அவர் வீட்டில் இந்த மணம் வரவேற்கப்படவில்லை. நாடகத்தில் ஜோடி சேர்ந்து நடித்து ஊர் ஊராகப் புகழ் சேர்த்தார்கள். கிட்டப்பாவின் சகோதரர் காசி ஐயர் ஆர்மோனியம் வாசித்தார். வீட்டில் நிம்மதி இல்லை. ஒரு குழந்தை பிறந்து சில நாட்களிலேயே இறந்தது. கிட்டப்பாவுக்குக் குடிப்பழக்கம் வந்தது; பிரிவு வந்தது. அந்தப் பிரிவின்போது சுந்தராம்பாள் அவருக்கு எழுதிய கடிதங்கள் பிற்காலத்தில் அச்சில் வந்திருக்கின்றன. அவற்றில் அன்பும் இருக்கிறது, கடுமையான முறைப்பாடும் இருக்கிறது. கணவனிடம் கெஞ்சிக்கொண்டிருந்த அபலை என்று சிலர் அவரைப் பற்றி எழுதுவதை அந்தக் கடிதங்கள் பொய்யாக்கிவிடுகின்றன. பள்ளிக்கூடம் பெரிதாக எட்டிப்பாராத ஒருவர், தனக்கு நடந்தது அநியாயம் என்பதைத் தெளிவாக எழுதி வைத்திருக்கிறார்.

1933 டிசெம்பர் 2ஆம் திகதி கிட்டப்பா இறந்தார். 28 வயதுகூட நிறையவில்லை. சுந்தராம்பாளுக்கு வயது 25.

அன்று உடுத்த வெள்ளைச் சேலையை அவர் பிறகு மாற்றவே இல்லை. நெற்றியில் விபூதி, கழுத்தில் உருத்திராக்கம். இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவு செய்தார். இன்னும் 47 ஆண்டுகள் வாழ்ந்து அந்த முடிவைக் காப்பாற்றினார்.

இந்த இடத்தை எழுத எனக்குத் தயக்கமாக இருந்தது. பல்கலைக்கழகத்தில் படித்த நாட்களில் இந்த வெள்ளைச் சேலை எனக்குக் கோபத்தையே தந்தது. 25 வயதுப் பெண், உயிரோடு இருந்தபோதே தன்னைப் பிரிந்துபோன ஒருவருக்காக ஏன் இப்படித் தன்னை ஒடுக்கிக்கொள்ள வேண்டும் என்று கேட்பேன். அம்மாயியிடமும் ஒருமுறை கேட்டேன். அம்மாயியும் இளவயதில் தாலி அறுத்தவர். தாத்தா செத்து எட்டாம் நாள் பிரட்டுக்குப் போய்ப் பெயர் கொடுத்தவர். அவர் சொன்ன பதில், வெள்ளை உடுத்தினால் மேடையில் யாரும் கை நீட்ட மாட்டார்கள் என்பதுதான். அவ்வளவுதான் சொன்னார். நாடகக்காரி என்றால் யாரும் எதுவும் பேசலாம் என்றிருந்த காலத்தில், கணவனும் இல்லாமல், பெரிய தகப்பன் வீட்டுப் பின்பலமும் இல்லாமல் ஒரு பெண் தனியாக ஊர் ஊராகப் போய்ப் பாடிப் பிழைக்க வேண்டியிருந்தது. துக்கம் உண்மையானது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அந்தத் துக்கத்தின் உடுப்பே அவருக்கு ஒரு வேலியாகவும் ஆனது என்று இப்போது நினைக்கிறேன். அந்த வேலிக்குள் நின்றுகொண்டு அவர் பேசிய பேரங்களைப் பார்த்தால் உங்களுக்கும் அப்படித் தோன்றலாம்.

பேரத்தில் பெரியது 1935இல் நடந்தது. சில காலம் ஒதுங்கியிருந்துவிட்டு மீண்டும் கச்சேரி மேடைக்கு வந்திருந்தார். தமிழில் பேசும் படம் வந்து நாலே வருடம். நந்தனார் கதையைப் படமாக்க விரும்பிய அசன்தாஸ் என்ற தயாரிப்பாளர் சுந்தராம்பாளைத் தேடிவந்தார். சினிமாவில் நடிக்க அவருக்கு இஷ்டமில்லை. வந்தவரைத் திருப்பி அனுப்ப ஒரு வழியாக, யாரும் கொடுக்க முடியாத தொகையைக் கேட்டார்: ஒரு இலட்சம் ரூபாய். அசன்தாஸ் சம்மதித்துவிட்டார்.

ஒரு இலட்சம் என்பது இன்று பெரிதாகத் தெரியாது. அந்த முப்பதுகளில் நமது தோட்டங்களில் ஆண்களின் நாட்கூலி அரை ரூபாயைச் சுற்றித்தான் இருந்தது. பெண்களுக்கு அதிலும் குறைவு. அரை ரூபாய் என்றே வைத்துக்கொண்டு, வருடத்தில் 300 நாள் பெயர் விழுந்தாலும், ஒரு இலட்சம் சேர்க்க 660 வருடங்களுக்கு மேல் ஆகும். கணிதப் பாடம் படிக்கும் மாணவிகள் சரிபார்த்துக்கொள்ளலாம். இந்திய நடிகையர் எவரும் அதற்கு முன் வாங்காத தொகை என்று அதைச் சொல்வார்கள்.

அந்தப் படத்தில் அவர் ஏற்ற வேடம் நந்தனார். ஆண் வேடம்! கோயிலுக்குள் போக அனுமதி இல்லாத தாழ்த்தப்பட்ட உழவர். சிதம்பரம் பார்க்க ஏங்கி நிற்பவர். அவரை அடக்கும் வேதியராகப் பெரிய சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர் நடித்தார். ஆண்களோடு ஜோடி சேர மாட்டேன் என்ற சபதமும் உடையவில்லை, கதாநாயக வேடமும் கையைவிட்டுப் போகவில்லை. படம் எதிர்பார்த்த அளவு ஓடவில்லை. கல்கி தன் விமர்சனத்தில், படத்தில் நன்றாக நடித்தவை பனைமரமும் எருமையும்தான் என்ற கருத்தில் கிண்டல் செய்தார். பாட்டைக் குறை சொல்ல அவராலும் முடியவில்லை.

காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தியின் தூண்டுதலால் அவர் விடுதலை இயக்க மேடைகளிலும் பாடினார். கதர் உடுத்தினார். தேர்தல் கூட்டத்துக்கு அவர் வருகிறார் என்றால் பேச்சுக் கேட்க வராதவர்களும் வருவார்கள். தமிழ்ப் பாட்டுக்குக் கச்சேரிகளில் இடம் வேண்டும் என்று நாற்பதுகளில் எழுந்த தமிழிசை இயக்கத்துக்கும் துணை நின்றார். தான் ரயிலிலும் கொட்டகையிலும் பாடிவந்தது தமிழில்தான் என்பதால் அவருக்கு இதில் மாற வேண்டியது எதுவும் இருக்கவில்லை. 1940இல் மணிமேகலை படத்தில் நடித்தார். அதிலும் துறவி. பிறகு வெகுகாலம் படமே இல்லை.

1953இல் ஜெமினி எஸ். எஸ். வாசன் எடுத்த ஔவையார் வந்தது. கொத்தமங்கலம் சுப்பு இயக்கினார். தமிழ்ப் பிள்ளைகள் முதலில் படிக்கும் நீதி நூல்களைத் தந்த கிழவியாகச் சுந்தராம்பாள் நடித்தார். அந்தப் படம் எங்கள் தோட்டத்துக்கும் ஒருநாள் வந்ததாம். நான் பிறக்க முன்பு. பிரட்டுக் களத்தில் வெள்ளைத் திரை கட்டிக் காட்டினார்களாம். சாமானைக் கழுவி வைத்துவிட்டு, பிள்ளைகளைச் சாக்கில் படுக்க வைத்துக்கொண்டு, பெண்களெல்லாம் முன் வரிசையில் இருந்து பார்த்தார்களாம். பல வருடங்களுக்குப் பிறகு, அந்தக் கிழவிக்கு அப்போது வயது நாற்பத்தைந்துதான் என்று நான் கணக்குப் போட்டுச் சொன்னபோது அம்மாயி நம்பவே இல்லை. அது கிழவிதான், எனக்குத் தெரியும் என்று சாதித்தார். இளம்பெண்ணுக்கு ஜோடி தேடும் திரையுலகில், கிழவியை நடுவில் வைத்து ஒரு பெரிய படம் எடுத்து ஓட்ட முடியும் என்பதை ஔவையார் காட்டியது. அதன் பின் தமிழருக்கு ஔவையார் என்றால் அந்த முகம்தான், அந்தக் குரல்தான். பாடப்புத்தகத்தில் ஔவையாரின் படம் வரைபவர்கள்கூட அவரைத்தான் வரைகிறார்கள் என்பது என் எண்ணம்.

சென்னை சட்டமன்ற மேலவையில் உறுப்பினராக இருந்தார். திரையுலகிலிருந்து சட்டமன்றத்துக்குப் போன முதல் சிலரில் அவரும் ஒருவர். 1964இல் பூம்புகார் படத்தில் கவுந்தியடிகளாக வந்தார். சிலப்பதிகாரம் படிக்கும் மாணவிகளுக்கு அந்தப் பாத்திரம் தெரியும். கண்ணகியையும் கோவலனையும் மதுரைக்கு அழைத்துச் செல்லும் சமணத் துறவி. வசனம் எழுதியவர் மு. கருணாநிதி. கடவுள் மறுப்புப் பேசிய கட்சிக்காரர் எழுதிய படத்தில், நெற்றி நிறைய விபூதி பூசும் காங்கிரஸ்காரரான அவர் நடிக்கச் சம்மதிப்பது சுலபமாக இருக்கவில்லை; கடைசியில் சம்மதித்தார். 1965இல் திருவிளையாடலில் மறுபடி ஔவையாராக வந்து, கோபித்துக்கொண்டு போன முருகனைச் சமாதானப்படுத்தினார். நந்தனார், மணிமேகலை, ஔவையார், கவுந்தியடிகள், பின்னாளில் காரைக்கால் அம்மையார் என்று அவர் நடித்த வேடங்களை வரிசையில் வைத்துப் பாருங்கள். ஒருவருக்கும் ஜோடி இல்லை. எல்லாருமே நடந்து திரிபவர்கள், பாடுபவர்கள், அதிகாரம் உள்ளவர்களின் முகத்துக்கு நேரே பேசுபவர்கள். வேறு எந்த நடிகைக்கும் கிடைக்காத வேடங்கள், அந்தச் சபதத்தால் அவருக்குக் கிடைத்தன.

துணைவன் என்ற படத்தில் பாடியதற்காக 1969ஆம் ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகிக்கான இந்தியத் தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. அப்போது வயது 61. அந்த விருது பெண்களுக்கு வழங்கப்பட்டது அது இரண்டாவது முறைதான்; முதல் முறை பி. சுசீலா பெற்றிருந்தார். 1970இல் பத்மஸ்ரீ வந்தது. ஒலிவாங்கி, ஒலிப்பதிவு அறை, திரும்பத் திரும்பப் பாடித் திருத்தும் வசதி எல்லாம் வந்துவிட்ட காலத்தில், அவை எதுவும் இல்லாமல் பழகிய தொண்டை விருது வாங்கியது. சம்பாதித்த காசில் பிறந்த ஊரான கொடுமுடியில் ஒரு படமாளிகை கட்டினார். காவேரிக் கரையில் பசியோடு புறப்பட்ட பிள்ளை, அதே கரையில் தன் பெயரில் ஒரு கொட்டகையை நிறுத்தியது.

1980இல் சுந்தராம்பாள் காலமானார். எனக்கு அப்போது ஏழு வயது. லயத்தில் எங்கள் காம்பராவில் ஒரு பழைய வானொலிப் பெட்டி இருந்தது. பற்றரி தீரப்போகிறது என்று அதைச் செய்திக்கு மட்டுமே திறப்போம். அன்று செய்தி முடிந்த பிறகும் அம்மாயி பெட்டியை மூடவில்லை. அவருடைய பாட்டு ஒன்றைப் போட்டார்கள். அம்மாயி கையிலிருந்த பால் வாளியைக் கழுவாமல் அப்படியே படியில் வைத்துவிட்டு உட்கார்ந்தார். பாட்டின் நடுவில் பற்றரி இறங்கிக் குரல் மெல்ல மெல்லக் கம்மிப்போனது. எனக்குச் சிரிப்பு வந்தது. அம்மாயி சிரிக்கவில்லை. பெட்டி நின்ற இடத்திலிருந்து மிச்சப் பாட்டைத் தானே பாடினார். அம்மாயி பாடி அதற்கு முன் நான் கேட்டதில்லை. அடுத்த காம்பராவிலிருந்தும் ஆட்கள் வந்து வாசலில் நின்றார்கள்.